பேச்சுக்குப் பேர் வைத்த டீச்சர்

எங்கள் வீட்டுப் பின்கட்டுக்கு டீச்சர் குடிவந்த அன்று என் மாமியார் உபசாரமாக ஒரு வார்த்தை சொன்னார். "இந்த ஊரு வெயிலு மண்டையப் பொளந்துரும், பாத்து இருந்துக்கிருங்க டீச்சரம்மா." டீச்சர் மாமியாரின் மண்டையை ஒரு நிமிடம் உற்றுப் பார்த்துவிட்டு, "ஹைப்பர்போலி" என்றார். ஏதோ கோடைக்காலத்து நோயின் பெயர் என்று நினைத்துக்கொண்டு என் மாமியார் அன்று பொழுது சாயும்வரை மோராகக் குடித்தார். உள்ளதை ஊதிப் பெரிதாக்கிச் சொல்வதற்கு இங்கிலீஷில் அப்படி ஒரு பெயர் இருக்கிறதென்று இரண்டு நாள் கழித்து நான் கேட்ட பிறகுதான் தெரிந்தது.

அறுபதுகளின் நடுப்பகுதி அது. என் வீட்டுக்காரர் அருப்புக்கோட்டை பஜாரில் நூல்கடை வைத்திருந்தார். பெண்கள் பள்ளிக்கூடம் ஒன்றில் இங்கிலீஷ் டீச்சர் வேலை கிடைத்து, தாமிரபரணிக் கரை ஊரிலிருந்து டீச்சர் ஒற்றை ஆளாக வந்து இறங்கினார். என்னைவிட இரண்டு வயது இளையவர். முப்பதைத் தாண்டியும் கல்யாணம் ஆகவில்லை. ஆற்றில் முங்கிக் குளித்து வளர்ந்தவரிடம் இங்கே ஒரு நாளைக்கு மூன்று குடம் தண்ணீர்தான் என்று சொல்ல எனக்கே கூச்சமாக இருந்தது. அவர் முகம் கோணவில்லை. பின்கட்டுக்கு வழி பக்கத்து முடுக்குச் சந்தில். எங்கள் முன்வாசலுக்கு வர வேண்டுமென்றால் முடுக்கைச் சுற்றித் தெருவுக்கு வந்து நாலு படி ஏற வேண்டும்.

ஒல்லியான உடம்பு. விரலில் எந்நேரமும் சிவப்பு மை. பெண்கள் முந்தானையைத் தலையில் போட்டுக்கொண்டு வெயிலில் நடக்கிற ஊரில் அவர் மட்டும் கறுப்புக் குடை பிடித்துப் போவார். யார் பேசினாலும் உதடு லேசாக அசையும். நம் பேச்சில் எது உவமை, எது உருவகம் என்று உள்ளே பிரித்துக்கொண்டிருப்பார். பிரித்ததைச் சும்மா வைத்துக்கொள்ளத் தெரிந்திருந்தால் பரவாயில்லை. சிமிலி, மெட்டஃபர், ஐரனி என்று வாய்க்கு வெளியே வந்துவிடும். அம்மன் கோயில் பங்குனிப் பொங்கலுக்கு ஊரே திரண்டுவிட்டது என்று நான் சொன்னால், ஊர் எங்கே திரண்டது, ஆட்கள்தானே திரண்டார்கள் என்று கேட்டு அதற்கு ஒரு பெயர் சொல்வார். கடையில் ஒரு சரக்கு தீர்ந்துபோனால் 'இல்லை' என்ற சொல் வாயில் வரக் கூடாது என்பது எங்கள் வியாபாரிகளின் வழக்கம். 'நாளைக்கு வரும்' என்பார்கள். டீச்சர் என் வீட்டுக்காரரை நிறுத்திவைத்து அதற்கு யூஃபமிசம் என்று பெயர் சொல்லி, கசப்பான சேதிக்கு வெல்லம் தடவுவது என்று விளக்கமும் கொடுத்தார். அன்றிலிருந்து டீச்சரின் குடை தெருமுனையில் தெரிந்தாலே இவருக்குக் கொல்லையில் ஏதாவது வேலை வந்துவிடும்.

பள்ளிக்கூடத்திலும் இதே கதைதான். தலைமை ஆசிரியை ஒரு கூட்டத்தில், இந்தப் பள்ளிக்கூடம்தான் என் குடும்பம் என்று கண் கலங்கியிருக்கிறார். பின்வரிசையிலிருந்து "மெட்டஃபர்" என்று ஒரு குரல். கேலி செய்ய வேண்டுமென்ற எண்ணமே டீச்சருக்குக் கிடையாது. ஆனால் அதை யார் நம்புவார்கள்? அவர் அறைக்குள் நுழைந்தால் மற்ற டீச்சர்கள் பேச்சை நிறுத்திவிட்டு நோட்டுத் திருத்த ஆரம்பித்துவிடுவார்கள் என்று அங்கே படித்த என் நாத்தனார் மகள் சொன்னாள். மத்தியானம் மரத்தடியில் தனியாக உட்கார்ந்து சாப்பிடுவாராம். அதைக் கேட்ட நாளில் எனக்குச் சோறு இறங்கவில்லை.

இப்படியே விட்டால் ஆகாது என்று நானே வலியப் போய் ஒரு சம்பந்தம் பேசினேன். மாப்பிள்ளை பந்தல்குடியில் ரோட்டோரம் லாரிச் சாமான் கடை வைத்திருந்தவர். மனைவியை இழந்தவர். குழந்தை இல்லை. அவருடைய அக்காள் பெண் பார்க்க வந்தாள். பூ, பழம், காராச்சேவு எல்லாம் ஒழுங்காக நடந்தது. அந்த அம்மாள் தொண்டையைச் செருமிக்கொண்டு, தன் தம்பி சொக்கத் தங்கம் என்றாள். டீச்சர், "மெட்டஃபர்" என்றார். நான் காலால் அவர் காலை அழுத்தினேன். அவனுக்குக் கோபம் என்றால் என்னவென்றே தெரியாது என்றாள் அந்த அம்மாள். டீச்சர், "ஹைப்பர்போலி" என்றார். அந்த அம்மாள் என் பக்கம் திரும்பி, பொண்ணுக்கு ஏதும் பேய் பிசாசுக் கோளாறு உண்டா என்று மெதுவாகக் கேட்டாள். காராச்சேவை அள்ளி மடியில் கட்டிக்கொண்டு அடுத்த பஸ்ஸுக்குப் போய்விட்டாள்.

அன்று டீச்சரை நான் பிடிபிடியென்று பிடித்தேன். வாயை வைத்துக்கொண்டு சும்மா இருந்தால் என்ன குறைந்துபோகும் என்று கேட்டேன். அவர் விரலிலிருந்த மையைத் தேய்த்தார். பிறகு அவருடைய அப்பாவைப் பற்றிச் சொன்னார். வீட்டில் ஒரே பிள்ளை இவர், அதுவும் பெண்ணாகப் போய்விட்டது என்று அந்த மனிதருக்கு ஆறாத எரிச்சல். ஒன்னப் பெத்ததுக்கு ஒரு கல்லைப் பெத்திருந்தா துணி துவைக்கவாவது ஆகும் என்பாராம். என் கழுத்துல கட்டுன பாறாங்கல்லு என்பாராம். தினமும் ஏதாவது ஒன்று. காலேஜில் முதல் வருஷம் இந்த அலங்காரங்களின் பெயரையெல்லாம் பாடமாக நடத்தியபோது, வீட்டுக்குத் திரும்பி அப்பா வைகிற ஒவ்வொரு வசவுக்கும் மனசுக்குள் ஒரு பெயர் சொல்லிப் பார்த்திருக்கிறார்.

"பேரைச் சொன்னதும் அது அங்கேயே நின்னுரும் அக்கா. என் மேல படாது."

அவர் சொன்னதை அன்று நான் பாதிதான் வாங்கிக்கொண்டேன். கையிலிருந்து நழுவிய சம்பந்தத்தை நினைத்து மீதி மனசு பொருமிக்கொண்டிருந்தது.

ஆனால் ஒன்றை மறைக்காமல் சொல்லிவிட வேண்டும். ஊருக்கெல்லாம் கசந்த அந்தப் பழக்கம் எனக்கு இனித்தது. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் டீச்சர் நோட்டுக்கட்டோடு என் அடுப்படிக்கு வந்துவிடுவார். நான் மாவு ஆட்டுவேன், அவர் மணை போட்டு உட்கார்ந்து திருத்துவார். ஒருநாள் சலிப்பில், "இந்த வீட்டுல நான் ஒரு ஆட்டுரலு டீச்சர். வாரவுக போறவுக எல்லாம் ஒரு சுத்துச் சுத்திட்டுப் போறாக" என்றேன். டீச்சர் பேனாவை மூடிவிட்டார். இன்னொரு தடவை சொல்லச் சொன்னார். சொன்னேன். மெட்டஃபர் என்றார், ரொம்ப நல்ல மெட்டஃபர் என்றார், தன் வகுப்பில் ஒரு பிள்ளையும் இப்படி எழுதாது என்றார்.

எனக்குப் படிப்பு எட்டோடு சரி. என் சமையலைப் பாராட்டியவர்கள் உண்டு, கோலத்தைப் பாராட்டியவர்கள் உண்டு. நான் சொன்ன ஒரு வார்த்தையை இன்னொரு தடவை கேட்டவர் அதற்கு முன் யாருமில்லை. என் வீட்டுக்காரரிடம் நான் பத்துச் சொன்னால் அவர் காதில் விழுவது சாப்பாடு தயார் என்பது மட்டும்தான். அதற்குப் பிறகு வாரம் முழுக்க நல்ல பேச்சாகத் தோன்றியதையெல்லாம் ஞாயிற்றுக்கிழமைக்கென்று எடுத்து வைக்க ஆரம்பித்தேன். சில சமயம் டீச்சர் பெயர் சொல்ல வேண்டும் என்பதற்காகவே கொஞ்சம் ஜோடித்தும் பேசினேன். அது அவருக்குத் தெரியும் என்றுதான் நினைக்கிறேன்.

எம்.ரெட்டியபட்டியில் என் பிறந்த வீட்டுக்கு ஒருதடவை அவரைக் கூட்டிப்போனேன். மழை பொய்த்த வருஷம். என் அம்மா எங்களைப் புஞ்சைக்குக் கூட்டிப்போய், வெடித்துக் கிடந்த கரிசலைக் காட்டி, தண்ணி கேட்டு வாயைப் பிளந்துகொண்டு கிடக்கிறது தாயி என்றாள். டீச்சர் வழக்கம்போல, "பெர்சானிஃபிகேஷன்" என்றார். உயிரில்லாததை உயிருள்ளதாகப் பேசுவது என்று நான் பெரிய படிப்பாளி மாதிரி அம்மாவுக்கு விளக்கினேன். அம்மா கொஞ்சம் யோசித்து, மண்ணுக்கு உயிரில்லையென்று இந்தப் பிள்ளைக்கு யார் சொன்னது என்று கேட்டாள். டீச்சர் வாய்விட்டுச் சிரித்தார். அத்தனை வருஷத்தில் அவர் அப்படிச் சிரித்து நான் பார்த்தது அந்த ஒரு தடவைதான். திரும்பும்போது அம்மா அவர் முந்தானையில் ஒரு படி பாசிப்பயறைக் கட்டிக்கொடுத்தாள்.

அடுத்த தை மாதம் அம்மா இறந்துபோனாள். பருத்திக்காட்டில் நின்றுகொண்டிருந்தவள் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாள், அவ்வளவுதான். நான் போய்ச் சேர்ந்து இரண்டு மணி நேரத்தில் டீச்சரும் வந்துவிட்டார். பள்ளிக்கூடத்துக்கு லீவு போட்டுவிட்டு, பஸ் மாறி, தனியாக வந்திருந்தார். பெண்கள் தோளோடு தோள் சேர்த்து வட்டமாக உட்கார்ந்து அழுதுகொண்டிருந்தோம். யாரையும் தொட்டுப் பேசியறியாத டீச்சர் வட்டத்துக்குள் நுழைந்து என் தோளில் கை போட்டுக்கொண்டார். எனக்கு அழுகை பொங்கிக்கொண்டு வந்தது.

"என்னப் பெத்த தாயே, பருத்தி வெடிச்சுக் கெடக்கே, பறிக்க நீ எந்திரிச்சு வரலையா. ஒரு வார்த்த எங்கிட்டச் சொல்லாமப் போனியே" என்று அம்மாவைக் கூப்பிட்டுக் கூப்பிட்டு அழுதேன். மூச்சு வாங்குவதற்காக ஒரு நொடி நிறுத்தினேன். அந்த இடைவெளியில் என் காதோரம், "அபாஸ்ட்ரஃபி" என்றார் டீச்சர். எதிரில் இல்லாதவரை இருப்பதுபோலக் கூப்பிட்டுப் பேசுவது என்று சின்னக் குரலில் விளக்கமும் சொன்னார்.

பக்கத்திலிருந்த என் மதினி தலையைத் தூக்கி, என்ன சொல்லுறாக இவுக என்று கேட்டாள். வட்டத்தில் ஒவ்வொருவராகத் தலை நிமிர்ந்தது. இரண்டு பேர் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார்கள். சிரிப்பை மறைக்கிறார்கள் என்று எனக்குத் தெரிந்தது. டீச்சரின் கையை என் தோளிலிருந்து தட்டிவிட்டேன்.

"எங்க அம்மா செத்தது ஒங்களுக்குப் பாடமா டீச்சர்? இனிமே என் வாசப்படிய மிதிக்காதீக."

டீச்சர் எழுந்தார். அம்மாவின் முகத்தை ஒருதடவை பார்த்தார். குடையை எடுத்துக்கொண்டு வெளியே போனார். அடுத்த பஸ்ஸுக்கு இன்னும் ஒன்றரை மணி நேரம் இருந்தது. அந்த நிறுத்தத்தில் வேலிக்கருவை முள்ளைத் தவிர நிழலுக்கு வேறு மரம் கிடையாது. இதெல்லாம் எனக்குத் தெரியும். தெரிந்தும் நான் யாரையும் பின்னால் அனுப்பவில்லை.

பதினாறாம் நாள் கழிந்து அருப்புக்கோட்டைக்குத் திரும்பிய பிறகுதான், அவர் அப்பாவைப் பற்றிச் சொன்னது எனக்கு முழுசாக நினைவுக்கு வந்தது. பெயரைச் சொன்னால் மேலே படாது என்று நம்பிய மனுஷி அவர். என் துக்கம் என்மேல் படக் கூடாது என்று தன்னிடம் இருந்த ஒரே மருந்தை எடுத்து என் காதில் ஊற்றியிருக்கிறார். பாடம் நடத்தவில்லை. இது புரிந்தபோது எனக்கு வெட்கமாக இருந்தது. அடுப்படியில் உட்கார்ந்து தனியாக அழுதேன்.

சரி, டீச்சர் வரட்டும், பேசிக்கொள்ளலாம் என்று இருந்தேன். எங்கள் பக்கத்தில் கோபத்தில் சொன்ன வார்த்தைக்கு ஆயுள் ஒரு வாரம்தான். ஒன் மூஞ்சியில முழிச்சா ஏன்னு கேளு என்று என் மதினி என்னிடம் வருஷத்துக்கு மூன்று தடவையாவது சொல்வாள். மறுநாள் காப்பித்தூள் கேட்டு ஆள் விடுவாள். வாசப்படி மிதிக்காதே என்று சொன்னால் நாலு நாள் முறைத்துக்கொண்டு போய்விட்டு ஐந்தாம் நாள் படியேறி வந்துவிட வேண்டும். வந்தால்தான் சொன்னவளும் சமாதானம் ஆக முடியும். இது இங்கே சின்னப் பிள்ளைக்கும் தெரியும். பேச்சின் வகையெல்லாம் கரைத்துக் குடித்தவருக்குத் தெரியாமல் போகுமா என்ன?

முதல் ஞாயிற்றுக்கிழமை மணையை எடுத்துப் போட்டேன். அவர் வரவில்லை. இரண்டாவது ஞாயிறும் வரவில்லை. பள்ளிக்கூடம் போகும்போது எங்கள் வாசலுக்கு நேரே வந்ததும் தெருவின் எதிர்ப்பக்கத்துக்கு மாறி நடந்தார். முடுக்கில் என் மாமியாரைப் பார்த்தால் மட்டும் இரண்டு வார்த்தை பேசுவார். அந்த இரண்டு வார்த்தையில் எதற்கும் அவர் பெயர் வைப்பதில்லை என்று மாமியார் குறைப்பட்டுக்கொண்டார். எனக்குப் பாழாய்ப்போன வீம்பு. நான் பெரியவள், நான்தான் துக்கத்தில் இருந்தவள், நானா சுற்றிக்கொண்டு போய் முடுக்கில் நிற்பேன் என்று இருந்துவிட்டேன். எங்கள் அடுப்படிக்கும் அவர் அறைக்கும் நடுவில் ஒரே ஒரு சுவர். அந்தப் பக்கம் அவர் குடத்தை வைக்கிற சத்தம் எனக்குக் கேட்கும். நான் அம்மி அரைக்கிற சத்தம் அவருக்குக் கேட்டிருக்கும். ஒன்றரை வருஷம் இப்படியே போனது.

அதற்குள் ஒரு ஐப்பசியில் நடந்ததைச் சொல்ல வேண்டும். மத்தியானம். டீச்சரை ஐந்தாறு நாளாகக் காணோம், லீவில் ஊருக்குப் போயிருப்பார் என்று நினைத்திருந்தேன். தற்செயலாக ஜன்னல் பக்கம் போனவள், எங்கள் வாசலுக்கு நேரே தெருவில் அவர் நிற்பதைப் பார்த்தேன். கையில் பை. தலை கலைந்திருந்தது. குடையை விரிக்காமல் வெயிலில் நின்றுகொண்டு எங்கள் படியையே பார்த்தார். ஏறி வரட்டும், முதல் படியில் கால் வைத்ததும் ஓடிப்போய்க் கையைப் பிடித்துக்கொள்வோம் என்று கம்பியைப் பிடித்தபடி நின்றேன். கால் மணி நேரம் இருக்கும். அவர் திரும்பி முடுக்குக்குள் போய்விட்டார். பாத்தீகளா அத்தை, இம்புட்டு வீம்பா ஒரு பொம்பளைக்கு என்று மாமியாரிடம் பொரிந்து தள்ளினேன்.

மறு ஆனியில் டீச்சருக்கு மாற்றல் வந்தது. நான் உளுந்து களைந்துகொண்டிருந்தேன். மாமியார் கொல்லை வழியாக வந்து, டீச்சரம்மா கிளம்பிட்டாக, இனிமேல் இந்த ஊருக்கு வர மாட்டாக, போய் ஒரு வார்த்தை பேசு என்றார். ஈரக் கையோடு வாசலுக்கு ஓடினேன். பெட்டியெல்லாம் குதிரைவண்டியில் ஏறிவிட்டிருந்தது. டீச்சர் ஒரு கையில் துணிமூட்டையும் இன்னொரு கையில் தண்ணீர்க் கூஜாவுமாகத் தெருவில் நின்றுகொண்டிருந்தார். படியிறங்கி அவர் முன்னால் போய் நின்றேன். சொல்லாமல் போகிறீர்களே என்று கேட்டதற்கு, படியை மிதிக்கக் கூடாது என்று நான் சொன்னதை நினைவுபடுத்தினார். குரலில் கோபமே இல்லை.

"அது பேச்சுக்குச் சொன்னது டீச்சர். ஒங்களுக்கா தெரியாது?"

"தெரியும் அக்கா. அதுக்கு என்ன பேருன்னும் தெரியும். பஸ்ஸுக்கு நின்ன நேரம் பூராவும் அந்தப் பேரைத்தான் சொல்லிப் பாத்தேன்." கூஜாவையும் மூட்டையையும் கை மாற்றிக்கொண்டார். "எங்க அப்பா சொன்னதெல்லாம் பேர் வச்சதும் நின்னுச்சு. நீங்க சொன்னது நிக்கலை."

ஏதாவது பேச வேண்டுமே என்று, ஐப்பசியில் ஒருநாள் வாசல்வரை வந்து திரும்பிப் போனீர்களே என்று கேட்டேன்.

"எங்க அம்மா செத்துட்டாங்க. அங்கே எனக்கு அழுகை வரலை. ஒங்ககிட்ட வந்தா வரும்னு நெனச்சேன்."

தவறிட்டாங்க, காலமாயிட்டாங்க என்று எத்தனையோ சொல் இருக்கிறது. அவர் எதையும் எடுக்கவில்லை. எங்கள் ஊரில் பகையாளி வீட்டில் இழவு என்றால்கூடப் பகையை மறந்து போய்த் துக்கம் கேட்டுவிட்டு வருவோம். கட்டிப்பிடித்து அழ ஒரு பொம்பளை வேண்டும் என்று என் வாசலுக்கு வந்தவரை நான் கம்பிக்குப் பின்னால் நின்று வேடிக்கை பார்த்திருக்கிறேன்.

நடுத்தெருவில், பட்டப்பகலில், அவரைக் கட்டிக்கொண்டேன். பார்த்தேயிராத அந்த அம்மாளைக் கூப்பிட்டு அழ ஆரம்பித்தேன். "ஆத்துத் தண்ணி பாயுற சீமையில நீ படுத்துக்கிட்டியே தாயே, ஒம் மகள இந்த வறண்ட காட்டுல ஒத்தையில விட்டுட்டியே" என்று எனக்குத் தெரிந்ததையெல்லாம் சொல்லி அழுதேன். தறிவீடுகளிலிருந்து ஆட்கள் வெளியே வந்து பார்த்தார்கள். வண்டிக்காரர் குதிரையைப் பிடித்துக்கொண்டு நின்றார். டீச்சர் நான் சொன்ன ஒவ்வொரு வார்த்தையையும் கேட்டுக்கொண்டு நின்றார். நான் முடிக்கும்வரை பொறுத்திருந்தார்.

"எட்டு மாசம் ஆச்சு அக்கா. பஸ்ஸுக்கு நேரமாகுது" என்றார்.

அவர் அழவில்லை. திருப்பி என்னைக் கட்டிக்கொள்ளவும் இல்லை. இரண்டு கையிலும் சாமான் இருந்தது, அதனால்தான் என்று எனக்கு நானே சொல்லிக்கொள்கிறேன்.